தன்மை இடத்துக் காமிரா: செர்கேய் உருசேவ்ஸ்கியின் ஒளிப்பதிவுக் கலை

திரைப்படம் பற்றிய திறனாய்வுகளில் ஒளிப்பதிவாளரின் பங்களிப்பு பெரும்பாலும் இயக்குநரின் பெயருக்குள் அடங்கிவிடுகிறது. கருத்து, கட்டமைப்பு, நடிப்பு ஆகியவற்றை இயக்குநருக்கும், 'அழகான காட்சிகள்' என்னும் பொதுப் பாராட்டை ஒளிப்பதிவாளருக்கும் பங்கிட்டுக் கொடுத்துவிடுவது திறனாய்வாளர்க்கு எளிதாக இருக்கிறது. இப்பங்கீட்டுக்குள் அடங்காத கலைஞர் சிலர் உளர். அவருள் ஒருவர் சோவியத் ஒளிப்பதிவாளர் செர்கேய் உருசேவ்ஸ்கி (1908–1974). 'கொக்குகள் பறக்கின்றன' (1957), 'அனுப்பப்படாத கடிதம்' (1960), 'நான் கியூபா' (1964) ஆகிய மூன்று படங்களையும் இயக்கியவர் மிகயீல் கலதோசோவ். ஆயினும் இவற்றைப் பற்றி எழுதுவோர் எவரும் உருசேவ்ஸ்கியின் பெயரைக் குறிப்பிடாது ஒரு பத்தியைக் கடப்பது அரிது.

அவ்வாறு குறிப்பிடப்படும்போது அவருக்குத் தரப்படும் அடைமொழி பெரும்பாலும் ஒன்றே: 'இயங்கும் காமிராவின் வித்தகர்'. இது உண்மையே, ஆனால் பாதி உண்மை. காமிராவை நகர்த்தியவர்கள் அவருக்கு முன்னும் இருந்தனர். ஊமைப்பட காலத்திலேயே ஜெர்மானியர் அதனைச் செய்து காட்டினர். காமிரா எவ்வளவு நகர்ந்தது என்பதைக் காட்டிலும், யாருக்காக நகர்ந்தது, நகரும் அப்பார்வை யாருடையது என்பதே உருசேவ்ஸ்கியின் படங்களை நோக்கி எழுப்பவேண்டிய வினாவாகும். இலக்கணத்தார் தன்மை, முன்னிலை, படர்க்கை என இடத்தை மூன்றாகப் பகுத்தனர். இப்பகுப்பினைக் காமிராவுக்கும் பொருத்திப் பார்க்க இடமுண்டு. பொதுவான கதைப்படங்களில் காமிரா படர்க்கையில் நிற்கிறது. 'அவள் ஓடினாள்' என்று கூறுகிறது. உருசேவ்ஸ்கி தம் சிறந்த காட்சிகளில் அதனைத் தன்மைக்கு மாற்ற முயன்றார். அம்முயற்சி எங்கு நிறைவெய்தியது, எங்கு தடம் மாறியது என்பதனை அவர் படங்களைக் கால வரிசையில் வைத்து ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஓவியப் பயிற்சியும் தொடக்க காலப் படங்களும்

உருசேவ்ஸ்கி பீட்டர்ஸ்பர்க்கில் பிறந்தவர். திரைப்படக் கல்லூரியிலிருந்து அவர் வரவில்லை. மாஸ்கோவில் அந்நாளில் புதுமைக் கலையின் உலைக்களமாக விளங்கிய உயர்கலைத் தொழில்நுட்ப நிறுவனத்தில் வரைகலை பயின்றவர். அங்கு அவருக்கு ஆசிரியராக வாய்த்தவர் மரச்செதுக்கு ஓவியத்தில் பெரும்புகழ் பெற்ற விளதீமிர் ஃபவோர்ஸ்கி. இச்செய்தி வாழ்க்கைக் குறிப்பாக மட்டும் கொள்ளத்தக்கதன்று. மரச்செதுக்கில் சாம்பல் நிறம் இயல்பாக வாய்ப்பதில்லை. செதுக்கிய இடம் வெண்மை, செதுக்காது விட்ட இடம் கருமை. இவ்விரண்டின் மோதலிலிருந்தே உருவம் எழவேண்டும். உருசேவ்ஸ்கியின் கறுப்பு-வெள்ளைப் படங்களில் வானத்தின் எதிரே கருநிழலாக நிற்கும் மனித உருவங்களையும், முகத்துக்குக் குறுக்கே கோடுகளாக விழும் கிளைகளையும் காண்போர்க்கு இப்பயிற்சியின் தடம் புலனாகும். இறுதிவரை அவர் ஓவியம் தீட்டுவதையும் விட்டவரல்லர்.

போர்க் காலத்தில் அவர் போர்முனைப் படப்பதிவாளராகவும் பணியாற்றினார். போர்முனையில் முக்காலிக்கு இடமில்லை. படம் பிடிப்பவன் ஓடுகின்ற வீரனோடு ஓடவும், அவன் விழும்போது தானும் மண்ணில் படுக்கவும் வேண்டும். அங்குக் காமிராவின் நடுக்கம் குறையாகக் கருதப்படுவதில்லை. படம்பிடித்தவன் அவ்விடத்தில் இருந்தான் என்பதற்கு அதுவே சான்று. இவ்வாறு ஒருபுறம் செதுக்குக் கலையின் திட்டமிட்ட ஒழுங்கு, மறுபுறம் கைக்காமிராவின் கட்டற்ற நடுக்கம் என ஒன்றுக்கொன்று முரணான இரு பயிற்சிகள் அவரிடம் சேர்ந்தன. பின்னாளில் அவரது கலையாக மலர்ந்தது இம்முரணே எனலாம்.

ஆயினும் அது மலர்வதற்குப் பத்தாண்டுகளுக்கு மேல் ஆயிற்று. மார்க் தொன்ஸ்கோய் இயக்கிய 'கிராமத்து ஆசிரியை' (1947), யூலி ரைஸ்மான் இயக்கிய 'பொன் விண்மீன் வீரர்' ஆகியவற்றின் ஒளிப்பதிவுக்காக அவர் ஸ்டாலின் பரிசு பெற்றார். இரண்டனுள் முன்னது இன்றும் காணத்தக்கது. சைபீரியச் சிற்றூரில் பணியாற்றும் ஆசிரியையாக வேரா மரேத்ஸ்காயா நடித்த அப்படத்தில் சாளர ஒளியும் பனிவெளியும் மாந்தரின் மனநிலைக்கேற்ப மாறுவதைக் காணலாம். பின்னது அக்காலத்தின் சடங்குப் படம். கூட்டுப்பண்ணை நிலங்கள் நெய்வண்ண ஓவியம் போல் மின்னும், ஆனால் அவற்றில் நடப்போர்க்கு உயிர் இல்லை. அக்காலத்து நெருக்கடியையும் நினைவிற்கொள்ளுதல் வேண்டும். 1951-ஆம் ஆண்டில் சோவியத் நாடு முழுவதிலும் பத்துக்கும் குறைவான கதைப்படங்களே வெளிவந்தன. ஒவ்வொரு படமும் அரசின் உயர்மட்டத்தில் பார்வையிடப்பட்ட சூழலில் ஒளிப்பதிவாளருக்குக் கிடைத்த உரிமை, அழகுபடுத்தும் உரிமை மட்டுமே. பழைய மேதை புதோவ்கினின் கடைசிப் படமான 'வசீலி போர்த்னிக்கவின் மீள்வருகை' (1953) உருசேவ்ஸ்கியின் ஒளிப்பதிவில் உருவானது. அதில் பனியும் உருகும் ஆறும் கதையை விடக் கூடுதலாகப் பேசுகின்றன.

ஸ்டாலின் மறைவுக்குப் பிந்தைய இளக்கக் காலத்தின் முதற் பயன்களுள் ஒன்று கிரிகோரி சுக்ராயின் 'நாற்பத்தோராவது ஆள்' (1956). உள்நாட்டுப் போரில் நாற்பது பகைவரைச் சுட்டு வீழ்த்திய செம்படைப் பெண் ஒருத்தி, தன் குறி தப்பிப் பிழைத்த வெண்படை அதிகாரியிடமே மனம் கொடுத்து, இறுதியில் அவனையும் சுட நேரும் கதை இது. சுக்ராய்க்கு இதுவே முதற் படம். உருசேவ்ஸ்கியோ அதற்குள் பரிசுகள் பெற்ற மூத்த கலைஞர். வண்ணப்படமாகிய இதில் பாலை மணலின் பொன்னிறமும் கடலின் நீலமும் அலங்காரமாக நில்லாமல் கதையின் இரு பகுதிகளைப் பிரித்துக் காட்டும் உறுப்புகளாகின்றன. மணல் நாவறட்சியும் நடைத்துன்பமும் ஆகிறது. கடல் இருவரையும் உலகிலிருந்து பிரித்துக் காதலுக்கு இடமளிக்கிறது. 1957-ஆம் ஆண்டின் கான் திரைப்பட விழாவில் இப்படம் சிறப்புப் பரிசு பெற்றது. எனினும் இதில் காமிரா இன்னும் படர்க்கையில்தான் நிற்கிறது. காட்சிகளை நாம் வெளியிலிருந்து வியந்து காண்கிறோம்.

படர்க்கையிலிருந்து தன்மைக்கு

கலதோசோவ் – உருசேவ்ஸ்கி கூட்டு, கசக்ஸ்தான் தரிசு நிலங்களைப் பண்படுத்தச் சென்ற இளைஞர் பற்றிய 'முதல் அணி'யில் தொடங்கிற்று. யூரி எக்கெல்சிக்குடன் இணைந்து உருசேவ்ஸ்கி ஒளிப்பதிவு செய்த அப்படம் இவ்விருவர் சந்திப்புக்குக் காரணமாயிற்று என்பதற்கு மேல் அதனைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. ஜார்ஜியாவைச் சேர்ந்த கலதோசோவும் ஒளிப்பதிவாளராகத் தொழிலைத் தொடங்கியவரே. மலைவாழ் மக்களைப் பற்றி அவர் எடுத்த 'ஸ்வனேத்தியாவுக்கு உப்பு' (1930) துணிச்சலான காமிராக் கோணங்களுக்காகப் பேசப்பட்டது. அதனையடுத்து அவர் எடுத்த 'பூட்சில் ஒரு ஆணி' தடைசெய்யப்பட்டது. உருவவாதி என்னும் குற்றச்சாட்டின் சூட்டினை அறிந்த இயக்குநரும், இருபதுகளின் புதுமைக் கலைப் பள்ளியில் பயின்ற ஒளிப்பதிவாளரும் ஐம்பதுகளின் நடுவில் கைகோத்தனர். இடையில் நின்றுபோன ஓர் உரையாடல் மீண்டும் தொடங்கியது போன்றது இது.

'கொக்குகள் பறக்கின்றன' விக்தர் ரோசவின் நாடகத்தைத் தழுவியது. வெரோனிக்காவும் (தத்தியானா சமோய்லவா) பரீஸும் (அலெக்சேய் பத்தாலவ்) காதலர். போர் மூண்டதும் பரீஸ் தானே முன்வந்து படையில் சேர்கிறான், போர்முனையில் இறக்கிறான், அவன் இறப்பு உறுதியாகத் தெரியாத நிலையில் வெரோனிக்கா அவன் ஒன்றுவிட்ட சகோதரன் மார்க்கை மணக்க நேர்கிறது. கதை இவ்வளவே. சோவியத் போர்ப் படங்களில் காத்திருக்கும் பெண் கற்பின் வடிவமாகவே காட்டப்பட்டுவந்த சூழலில், காத்திருக்கத் தவறிய பெண்ணை நடுவிடத்தில் வைத்ததே பெருந்துணிவு. அவளை நியாயப்படுத்தும் வசனம் எதுவும் படத்தில் வலுவாக அமையவில்லை என்பது கருதத்தக்கது. அவளுக்காக வாதாடும் பொறுப்பைக் காமிராவே ஏற்கிறது.

மூன்று காட்சிகள் இதனைத் தெளிவுறுத்தும். முதலாவது, பரீஸை வழியனுப்ப வெரோனிக்கா விரையும் காட்சி. பேருந்துக்குள் அவள் முகத்தருகே நிற்கும் காமிரா, அவள் இறங்கும்போது தானும் இறங்குகிறது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவளுடன் செல்கிறது. பின்னர் வெட்டே இல்லாமல் வானளாவ உயர்ந்து, அணிவகுத்துச் செல்லும் கவச வண்டிகளுக்கிடையே அவள் சிறு புள்ளியாக ஓடுவதைக் காட்டுகிறது. கைக்காமிராவுடன் நடந்துவந்த ஒளிப்பதிவாளர் அப்படியே பாரந்தூக்கியின் மேடையில் ஏறிக்கொண்டதால் இது இயன்றது. இச்செய்முறை பல நூல்களில் வியந்து கூறப்படுகிறது. ஆனால் அதன் பொருள் கருதத்தக்கது. ஒரு தனி மனுஷியின் பதற்றமும், ஒரு நாட்டின் போர் என்னும் பேரியக்கமும் வெட்டினால் பிரிக்கப்படாமல் ஒரே மூச்சில் கூறப்படுகின்றன. வெட்டு வைத்திருந்தால் 'அவள்', 'போர்' என இரண்டு வாக்கியங்கள் ஆகியிருக்கும்.

இரண்டாவது, பரீஸின் இறப்பு. பிர்ச் மரக் காட்டின் சேற்றில் குண்டடிபட்ட அவன் மரம் ஒன்றைப் பற்றிக்கொண்டு மேலே பார்க்கிறான்; மர உச்சிகள் சுழல்கின்றன. அச்சுழற்சியின் மேல், அவன் முன்பு வெரோனிக்காவின் வீட்டு மாடிப்படிகளில் ஓடி ஏறிய காட்சியும், நடவாத திருமணமும் படிகின்றன. முன்னர் மாடிப்படிக் காட்சியில் காமிரா படிக்கட்டின் நடுவில் சுழன்றவாறே உயர்ந்து அவனைத் தொடர்ந்தது. அப்போது இளமையின் துள்ளலாக இருந்த அதே சுழற்சி இப்போது சாவின் மயக்கமாகிறது. ஓர் இயக்கம் முதலில் ஒரு பொருளிலும் பின்னர் அதற்கு நேர்மாறான பொருளிலும் வரும்படி அமைத்தது கவிதைக்குரிய உத்தி. இறக்கும் ஒருவனின் கண் கடைசியாகக் காண்பதைப் பார்வையாளனும் காண்கிறான். இங்குக் காமிரா முழுமையாகத் தன்மைக்குள் புகுந்துவிடுகிறது.

மூன்றாவது, குற்றவுணர்ச்சி தாளாது வெரோனிக்கா இரயில் பாதையை நோக்கி ஓடும் காட்சி. வேலிக் கம்பிகள், இலையற்ற கிளைகள், பனி, அவள் முகம் ஆகிய யாவும் உருத்தெரியாமல் கலந்து பாய்கின்றன. சில நொடிகளுக்கு எதுவும் தெளிவாகத் தெரியவில்லை. உருசேவ்ஸ்கிக்கு முன் சோவியத் கூடங்களில் இத்தகைய படச்சுருள் பழுது எனக் கழிக்கப்பட்டிருக்கும். இங்கோ தெளிவின்மையே பொருளாகிறது. அவளுக்கு அந்நேரத்தில் உலகம் அவ்வாறுதான் தெரிந்திருக்கும். பாதையில் வண்டியின் முன் நிற்கும் சிறுவனை அவள் பாய்ந்து காப்பாற்றும் அந்நொடியில் படம் மீண்டும் தெளிவடைகிறது. அச்சிறுவனின் பெயரும் பரீஸ் எனத் தெரியவருவது கதையின் நாடகத்தனம். அதனைப் பொறுத்துக்கொள்ள வைப்பது அதற்கு முந்தைய ஓட்டம்.

1958-இல் கான் விழாவின் தலைமைப் பரிசான தங்கப் பனையோலை இப்படத்துக்கு வழங்கப்பட்டது. அப்பரிசுக்குக் காரணம் அரசியல் இளக்கம் மட்டுமன்று. மேலை நாடுகளில் இளம் இயக்குநர்கள் கைக்காமிராவைத் தெருவுக்குக் கொண்டுசெல்லத் தொடங்கவிருந்த காலம் அது. அவர்கள் அதனை நேர்ப்பதிவின் எளிமைக்காக நாடினர். உருசேவ்ஸ்கி அதனை உணர்ச்சியின் உச்சத்துக்காகப் பயன்படுத்தினார். கருவி ஒன்றாயினும் நோக்கம் வேறு.

நிலம் தலைமை பெறுதல்

'அனுப்பப்படாத கடிதம்' சைபீரியக் காட்டில் வைரம் தேடிச் செல்லும் நான்கு நிலவியலாளரைப் பற்றியது. வைரம் கிடைக்கிறது, உடனே காட்டுத் தீ சூழ்கிறது, ஒருவர் பின் ஒருவராக மடிகின்றனர். இப்படத்தில் நிலமும் பொழுதும் பின்னணியாக நில்லாமல் தாமே வினைபுரியும் பாத்திரங்களாகின்றன. தீ வருவதற்கு வெகு முன்பே, மண்ணைத் தோண்டும் மாந்தரின் மேல் தீக்கொழுந்துகள் இரட்டைப் பதிவாக ஆடுகின்றன. அவர்களின் தேடல் வேட்கையும் பின்னர் அவர்களை எரிக்கவிருக்கும் நெருப்பும் ஒன்றே எனப் படிமம் முன்கூட்டியே கூறிவிடுகிறது. புகையினூடே கருநிழல்களாகத் தள்ளாடும் உருவங்கள் மரச்செதுக்கு ஓவியங்களை நேராகவே நினைவூட்டுவன.

ஆனால் இங்கு ஓர் இழப்பும் நேர்கிறது. இன்னொக்கென்தி ஸ்மக்துனோவ்ஸ்கி, சமோய்லவா, உர்பான்ஸ்கி, லிவானவ் ஆகிய நால்வரும் தேர்ந்த நடிகர்கள். எனினும் படம் முடிந்தபின் அவர்கள் நடித்த மாந்தரின் குணங்கள் நினைவில் தங்குவதில்லை. காடும் பனிக்கட்டி மிதக்கும் ஆறும் தங்குகின்றன. அக்காலத் திறனாய்வாளர் சிலர் மனிதனை இயற்கை விழுங்கிவிட்டது எனக் குறைகூறினர். இக்குறையில் பழைய உருவவாதக் குற்றச்சாட்டின் வாடை வீசியது உண்மையே. அதற்காக அக்கூற்றை முழுவதும் தள்ளிவிட இயலாது. 'கொக்குகள் பறக்கின்றன' படத்தில் பார்வைக்கு ஓர் உரிமையாளர் இருந்தார். வெரோனிக்காவின் நெஞ்சத் துடிப்பே காமிராவின் அசைவுக்கு அளவுகோலாயிற்று. 'அனுப்பப்படாத கடிதம்' படத்தில் அசைவு சில இடங்களில் மாந்தருடையது, பல இடங்களில் தீயினுடையது, இன்னும் சில இடங்களில் யாருடையதும் அன்று. உரிமையாளரை விட்டுப் பிரியத் தொடங்கிய இப்பார்வையே அடுத்த படத்தில் முழுவிடுதலை பெறுகிறது.

உடலற்ற பார்வை

1962 அக்டோபரில் ஏவுகணை நெருக்கடி உலகை அச்சுறுத்திய காலத்தை ஒட்டிச் சோவியத் படக்குழு கியூபாவில் பணியாற்றியது. மாஸ்ஃபில்ம் நிறுவனமும் கியூபத் திரைப்பட நிறுவனமும் கூட்டாகத் தயாரித்த 'நான் கியூபா'வுக்குக் கவிஞர் எவ்கேனி எவ்துஷென்கோவும் கியூப எழுத்தாளர் என்ரிக்கே பினேதா பார்னெத்தும் திரைக்கதை எழுதினர். இரவு விடுதியில் தன்னை விற்க நேர்ந்த பெண், நிலத்தை இழந்த கரும்பு விவசாயி, காவலரால் கொல்லப்படும் மாணவன், குண்டுவீச்சில் பிள்ளையை இழந்து புரட்சிப் படையில் சேரும் மலைவாழ் உழவன் என நான்கு கதைகள். இவற்றை இணைப்பது 'நான் கியூபா' எனத் தன்னைக் கூறிக்கொள்ளும் ஒரு பெண் குரல். இலக்கண நோக்கில் படம் முழுவதும் தன்மையில் அமைந்தது போலத் தோன்றும். அத்தன்மைக்கு உடல் இல்லை என்பதே சிக்கல்.

உத்திகளைப் பொறுத்தவரை உருசேவ்ஸ்கி இதில் தம் எல்லா முந்தைய படங்களையும் கடந்துவிட்டார். பெரும்பாலான காட்சிகள் 9.8 மில்லிமீட்டர் அகலக்கோண வில்லையால் எடுக்கப்பட்டன. இவ்வில்லை அருகில் உள்ளதை மிகப் பெரிதாகவும் தொலைவில் உள்ளதை மிகச் சிறிதாகவும் ஆக்குவது. சிறு அசைவையும் பெரும் பாய்ச்சலாகக் காட்டுவது. சில பகுதிகளுக்கு அகச்சிவப்புக் கதிரை உணரும் படச்சுருள் பயன்படுத்தப்பட்டது. பசுந்தழைகள் அகச்சிவப்புக் கதிரை மிகுதியாகத் திருப்பி அனுப்புவதால் தென்னையும் பனையும் கரும்பும் பனி போர்த்தவை போல் வெண்மையாகின்றன. நீல வானமோ அக்கதிரைக் குறைவாகவே சிதறச் செய்வதால் கருமையடைகிறது. பகல் வெயிலில் எடுத்த காட்சி நினைவோ கனவோ எனத் தோன்றும் நிலை இதனால் உண்டாகிறது. ஃபவோர்ஸ்கியின் மாணவர் ஒரு தீவு முழுவதையும் மரச்செதுக்காக மாற்றிவிட்டார் எனலாம்.

மிகுதியாகப் பேசப்படும் இரு காட்சிகளை ஒப்பிட்டு நோக்குவது இங்குப் பயன்தரும். முதலாவது விடுதியின் மேல்மாடிக் காட்சி. இசைக் குழுவிலிருந்து தொடங்கும் காமிரா, கட்டடத்தின் வெளிப்புறமாகத் தளம் தளமாக இறங்கி, கேளிக்கையாளரிடையே நடந்து, நீச்சல் குளத்து நீருக்குள்ளேயே மூழ்கிவிடுகிறது. வெட்டு இல்லை. இரண்டாவது மாணவனின் இறுதி ஊர்வலம். தெருவில் சவப்பெட்டியுடன் செல்லும் காமிரா, கட்டடத்தின் சுவரையொட்டி உயர்ந்து, தெருவைக் கடந்து எதிர் மாடிக்குச் சென்று, சுருட்டுத் தொழிலாளர் பணிபுரியும் கூடத்தினுள் நுழைகிறது. அவர்கள் எழுந்து சாளரத்தருகே வந்து கொடியை விரிக்க, காமிரா அச்சாளரத்தின் வழியே வெளியேறிக் கூட்டத்தின் தலைக்கு மேலே தெருவின் நடுவாக மிதந்து செல்கிறது. காமிராவைக் கையிலேந்தி இயக்கிய அலெக்சாந்தர் கல்சாத்தியும் உதவியாளரும் கைமாற்றிக் கைமாற்றியும், தெருவின் மேலே கட்டிய கம்பிவடத்தில் மாட்டியும் இதனை நிறைவேற்றினர்.

இவ்விரண்டும் செய்திறனில் ஒப்பானவை, பொருளில் அவ்வாறல்ல. ஊர்வலக் காட்சியில் காமிரா ஒருவரையும் பின்தொடரவில்லை என்றாலும் அதற்கு ஓர் உரிமையாளர் உண்டு. ஒரு நகரத்தின் துயரம் தெருவிலிருந்து மாடிக்கும், மாடியிலிருந்து தொழிற்கூடத்துக்கும் பரவுவதையே அது தன் இயக்கமாகக் கொள்கிறது. மக்கள் திரளின் பார்வை என ஒன்று உண்டெனில் அது இதுவே. விடுதிக் காட்சியின் நிலை வேறு. அந்நியச் செல்வரின் சீரழிவைக் கண்டிப்பதே திரைக்கதையின் நோக்கம். காமிராவோ அக்கேளிக்கையில் மயங்கி, அவர்களுடன் நீரிலும் குதித்துவிடுகிறது. கண்டனம் சொல்லில் நிற்கிறது. களிப்பு காட்சியில் நிகழ்கிறது. பார்வையாளன் நம்புவது காட்சியைத்தான்.

இவ்விரண்டுக்கும் இடையில் வைத்து எண்ணத்தக்கது கரும்பு விவசாயி பேத்ரோ தன் நிலம் வெளிநாட்டு நிறுவனத்துக்கு விற்கப்பட்டதை அறிந்தபின் கரும்பை வெட்டி வீழ்த்தும் காட்சி. அவன் அரிவாள் வீச்சுடன் காமிராவும் சாய்ந்து சாய்ந்து எழுகிறது. புகழ்பெற்ற இரு காட்சிகளின் வியப்பு இதில் இல்லை. ஆயினும் படம் முழுவதிலும் வெரோனிக்காவின் ஓட்டத்துக்கு ஈடாகக் கூறத்தக்க இடம் இதுவே. இங்குப் பார்வைக்கு மீண்டும் ஓர் உடல் கிடைக்கிறது. அவ்வுடல் உழைத்துக் களைத்த உடல்.

1964-இல் படம் வெளிவந்தபோது ஹவானாவும் மாஸ்கோவும் அதனை விரும்பவில்லை. கியூபர் சிலர் 'நான் கியூபா அல்ல' என அதனை எள்ளி நகையாடினர். இந்நகைப்பினை வெறும் அறியாமையாகக் கொள்ளுதல் முறையாகாது. தங்கள் சார்பில் 'நான்' என்று பேசும் குரல் வேறு நாட்டினர் எழுப்பியது என்பதையும், அழகிய வெண்பனைகளின் நடுவே தாங்கள் மெதுவாகவும் பெருமிதத்துடனும் துன்புறும் சிலைகளாக்கப்பட்டதையும் அவர்கள் உணர்ந்தனர். ஒரு நாட்டின் தன்மைப் பன்மையைப் பிறர் பேச இயலுமா என்னும் வினா மொழிபெயர்ப்பாளரும் இனவரைவியலாரும் அறிந்த பழைய வினாவே. மாஸ்கோவில் எழுந்த குறை வேறு வகையானது. புரட்சியைக் காட்டிலும் புரட்சிக்கு முந்தைய ஹவானா கவர்ச்சியாகத் தோன்றிற்று என்பது அது. இரு குறைகளும் வெவ்வேறு வழிகளில் ஒரே இடத்தையே தொடுகின்றன.

இயக்குநராக

'நான் கியூபா'வுடன் இக்கூட்டு முடிவுற்றது. கலதோசோவ் இத்தாலியருடன் கூட்டாக 'செங்கூடாரம்' எடுக்கச் சென்றார். அதன் ஒளிப்பதிவாளர் வேறொருவர். உருசேவ்ஸ்கி தாமே இயக்குநரானார். தமிழ் வாசகர்க்கு மாஸ்கோ வெளியீடுகள் வழியாக நன்கு அறிமுகமான கிர்கீசிய எழுத்தாளர் சிங்கிஸ் ஐத்மாத்தவின் 'விடைபெறுகிறேன், குல்சாரி' என்னும் குறுநாவலை 1968-இல் அவர் படமாக்கினார். முதுமையடைந்த மேய்ப்பன் தனாபாயும் அவன் குதிரையும் சேர்ந்து வாழ்ந்து சேர்ந்து தளர்வதே கதை. இதன் தேர்வே அவரைப் பற்றி ஒன்றைச் சொல்கிறது. பேச்சற்ற ஓர் உயிரின் ஓட்டத்தை நடுவாகக் கொண்ட கதை, அசைவையே மொழியாகக் கொண்டவருக்கு இயல்பாக ஈர்ப்புடையதாயிற்று. அடுத்து எழுபதுகளின் தொடக்கத்தில் கவிஞர் எசேனினைப் பற்றிய படம் ஒன்றை இயக்கினார். இரண்டும் முந்தைய மூன்று படங்களின் புகழை எட்டவில்லை. காட்சியின் மேல் அவருக்கிருந்த பேராவலைத் தடுத்து நிறுத்திக் கதையின் பக்கம் இழுக்க இன்னொருவர் இல்லாமற் போனது ஒரு காரணமாகலாம். கலதோசோவ் 1973-இலும் உருசேவ்ஸ்கி 1974-இலும் மறைந்தனர்.

பிற்கால மதிப்பீடு

ஏறத்தாழ முப்பதாண்டுகள் பெட்டியில் உறங்கிய 'நான் கியூபா', 1992-இல் அமெரிக்காவின் டெல்யூரைடு திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. 1995-இல் மார்ட்டின் ஸ்கோர்செஸி, பிரான்சிஸ் ஃபோர்டு கொப்போலா ஆகியோர் தம் பெயரை அளித்து வழங்க, அந்நாட்டில் பொதுத் திரையீட்டுக்கு வந்தது. படம் எடுக்கப்பட்ட நாடாகிய சோவியத் ஒன்றியம் அதற்குள் இல்லாமற் போயிருந்தது. எந்நாட்டைக் கண்டிக்க எடுக்கப்பட்டதோ அந்நாட்டின் கலைஞர்களே அதனை மீட்டனர். அதன் கருத்தைப் பொருட்படுத்தாது அதன் கண்ணை மட்டும் எடுத்துக்கொண்டனர். நீச்சல் குளக் காட்சியின் சாயலை 1997-இல் வெளிவந்த அமெரிக்கப் படம் ஒன்றில் நேரடியாகவே காணலாம். ஊர்வலக் காட்சியைப் பின்பற்றியோர் ஒப்பீட்டளவில் குறைவு. பின்பற்றுதற்கு அதற்குத் துயரத்தில் ஒன்றுபட்ட ஒரு நகரமும் வேண்டும்.

இம்மறுகண்டுபிடிப்பின் விளைவாக, காமிராவை உடலில் பூட்டி அசைவின்றிச் செலுத்தும் 'ஸ்டெடிகேம்' கருவியின் முன்னோடியாக உருசேவ்ஸ்கியைக் கூறும் வழக்கம் பரவியுள்ளது. எழுபதுகளின் நடுவில் புழக்கத்துக்கு வந்த அக்கருவி செய்ய முயல்வதும் அவர் செய்ய முயன்றதும் ஒன்றெனக் கொள்ளுதல் பொருந்தாது. அக்கருவி சுமப்பவனின் காலடியை அழிப்பதற்காக உருவாக்கப்பட்டது. பார்வை எவர் உடலிலிருந்தும் பிறவாதது போல் வழுக்கிச் செல்வதே அதன் சிறப்பு. 'நான் கியூபா'வின் விடுதிக் காட்சியை அதற்கு முன்னோடி என்பது பொருத்தமே. வெரோனிக்கா வேலியோரம் ஓடும் காட்சியிலோ காமிராவைச் சுமந்தவரின் மூச்சு படத்தில் கேட்பது போலவே இருக்கிறது. அவர் கால் பனியில் இடறும் இடம் ஒவ்வொன்றும் அவள் கால் இடறும் இடமாகிறது.